மஞ்சள் துணி கட்டிய மரம்

கும்மிடிப்பூண்டி
12-8-1968

கனகாம்பாள் அக்காவுக்கு,

பச்சையம்மா எழுதுவது. பெயரைச் சொன்னால் உங்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். போன தை மாதம் இந்த வீட்டுக்கு வாழ வந்தவள். நீங்கள் இருந்த இடத்தில் இப்போது இருப்பவள் என்று சொன்னால்தான் புரியும் என்றால் அப்படியே வைத்துக்கொள்ளுங்கள். கடிதம் எழுதினால் முதலில் நலம் விசாரிக்க வேண்டும் என்று எட்டாம் வகுப்பில் சொல்லிக்கொடுத்தார்கள். உங்களிடம் அதைக் கேட்க எனக்கு வாய் வரவில்லை.

உங்கள் விலாசம் அரிசிப் பானைக்குப் பின்னால் கிடந்த ஒரு தகர டப்பாவில் கிடைத்தது. உங்கள் அண்ணன் எழுதிய பழைய கார்டு. மற்றதைப் படிக்கவில்லை, சத்தியம்.

கேட்க வந்தது கொல்லையில் இருக்கும் பப்பாளி மரங்களைப் பற்றி. ஆறும் நீங்கள் நட்டவை என்று பக்கத்து வீட்டு மேரி டீச்சர் சொன்னார். ஐந்து மரங்கள் காய்த்துத் தள்ளுகின்றன. இந்தத் தெருவில் வேறு யாரும் பப்பாளி வைப்பதில்லை. வாழ வந்த பெண் இருக்கிற வீட்டில் ஆகாது, வயிறு தங்காது என்று பயப்படுகிறார்கள். நம் அத்தைக்கு அந்தப் பயமெல்லாம் இல்லை. காலையில் இரண்டு துண்டு உள்ளே போனால்தான் அவருக்கு வயிறு வழிவிடும். அன்றைக்குப் பழம் இல்லையென்றால் வீட்டில் யாருக்கும் நிம்மதி இல்லை. உங்களுக்குத் தெரியாததா!

கிணற்றோரம் இருக்கும் ஆறாவது மரம்தான் பிரச்சினை. நெடுநெடுவென்று வளர்ந்து சரம் சரமாகப் பூத்து உதிர்க்கிறது. ஒரு பிஞ்சு வைக்கவில்லை. “காய்க்காத மரம் ஊட்டுல இன்னாத்துக்குடி? அது பாட்டுக்குத் தண்ணியக் குடிச்சிக்கினு நிக்குது. வெட்டிப் போட்டுட்டு முருங்க வெக்கலாம்” என்கிறார் அத்தை. இவரிடம் கேட்டேன். “நட்டவளத்தான் கேக்கணும்” என்று சொல்லிவிட்டு எண்ணூர் கம்பெனி வேலைக்கு ரயில் ஏறிவிட்டார். விளையாட்டாகத்தான் சொன்னார். நான்தான் அதைப் பிடித்துக்கொண்டேன்.

எனக்கு வெட்ட மனம் வராததற்குக் காரணம் அதில் கட்டியிருக்கும் மஞ்சள் துணி. நீங்கள் அம்மனுக்கு வேண்டிக்கொண்டு கட்டியதாம். “வேண்டிக்கினவளே பூட்டா, இனிமே இன்னா வேண்டுதல்” என்கிறார் அத்தை. எனக்குப் பயமாக இருக்கிறது. அவிழ்க்கலாமா? வெட்டலாமா? நீங்கள் சொன்னால் செய்கிறேன்.

இன்னொன்றும் எழுதிவிடுகிறேன். நீங்களாக விருப்பப்பட்டுப் பிறந்த வீட்டுக்குப் போய்விட்டதாகத்தான் பெண் பார்க்க வந்தபோது சொன்னார்கள். ஆறு வருடம் பிள்ளை இல்லையென்று பெரியவர்கள் நாலு பேர் முன்னால் எழுதி வாங்கித் தீர்த்து அனுப்பினார்கள் என்பது இங்கே வந்த பிறகுதான் தெரிந்தது. முன்பே தெரிந்திருந்தாலும் என்னை யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

பதில் போட்டால் மேரி டீச்சர் பெயருக்குப் போடுங்கள்.

பச்சையம்மா


கடம்பத்தூர்
25-8-1968

பச்சையம்மாவுக்கு,

அக்கா என்று எழுதியிருக்கிறாய். என் அம்மா பெற்றது இரண்டு. ஒன்று என் அண்ணன், மற்றது நான். எனக்குத் தங்கை கிடையாது.

உன் கடிதத்தை என் அண்ணி முத்தம்மாள்தான் முதலில் வாங்கினாள். யாரிடமிருந்து என்று கேட்டாள். சொன்னேன். அடுப்படியில் உட்கார்ந்து சிரித்தாள். இன்னும் சிரித்துக்கொண்டிருக்கிறாள்.

அந்த வீட்டை விட்டு வரும்போது என் துணிமூட்டையை உன் அத்தை அவிழ்த்துப் பார்த்துத்தான் அனுப்பினார். பித்தளைச் சொம்பு ஏதும் போய்விடக் கூடாதல்லவா! உன் புருஷன் பக்கத்தில் நின்று தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு அது நன்றாக வரும். அப்படிப்பட்ட வீட்டிலிருந்து மரத்துக்கு மட்டும் என்னிடம் யோசனை கேட்டு வருகிறீர்கள்.

துணியில் வேண்டுதல் ஒன்றும் இல்லை. சாமி கண்ணைக் குத்தாது. தாராளமாக அவிழ்த்து அடுப்பில் போடு. மரத்தையும் வெட்டு. காய்க்காததை வெட்டுவது அந்த வீட்டு வழக்கம்தானே.

கனகாம்பாள்


கும்மிடிப்பூண்டி
9-2-1969

அக்காவுக்கு,

வேண்டாம் என்றாலும் எனக்கு வேறு எப்படிக் கூப்பிடுவது என்று தெரியவில்லை.

நீங்கள் சொன்னபடி ஆவணியிலேயே மரத்தை வெட்டிவிட்டோம். இவர்தான் வெட்டினார். உள்ளே வெறும் கூடு. மூன்று வெட்டில் விழுந்துவிட்டது. துணியை நான் எரிக்கவில்லை. துவைத்து மடித்து வைத்திருக்கிறேன்.

அதற்குப் பிறகு என்ன நடந்தது என்று புரியவில்லை அக்கா. ஏற்கெனவே பிடித்திருந்த காய்கள் பழுத்தன. புதிதாக ஒன்றும் பிடிக்கவில்லை. பூக்கிறது, இரண்டு நாள் நிற்கிறது, வாடிக் கீழே விழுகிறது. ஐந்து மரத்திலும் அப்படியே. சாணி போட்டேன், சாம்பல் போட்டேன், அரிசி களைந்த தண்ணீரை ஊற்றினேன். மார்கழியோடு பழம் நின்றுவிட்டது. அத்தைக்கு வயிறும் நின்றுவிட்டது. அந்தக் கோபம் முழுக்க என் தலையில்.

“கனகா நட்டா, காச்சிக்கினு இருந்துச்சி. இவ வந்து தொட்டா, தொட்டது அத்தினியும் மொட்டையாப் பூச்சி. கை அப்பிடி” என்று தெருவுக்குக் கேட்கச் சொல்கிறார். உங்களை இந்த வீட்டில் இப்போதுதான் புகழ்கிறார்கள். கேட்டால் உங்களுக்குச் சந்தோஷமாக இருக்குமோ என்னவோ.

கல்யாணம் ஆகி ஒரு வருடம் முடிந்துவிட்டது. என் வயிற்றிலும் ஒன்றுமில்லை. பழவேற்காட்டுப் பக்கத்திலிருந்து ஒரு கிழவியை அழைத்து வந்து மருந்து கொடுக்கச் சொல்லியிருக்கிறார் அத்தை. கறுப்பாக இருக்கிறது. வாரத்தில் மூன்று நாள் வெறும் வயிற்றில் குடிக்க வேண்டும். குடித்த அன்றைக்கு அடிவயிறு எரிகிறது, நிமிர்ந்து நடக்க முடியவில்லை. இவர் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார். “அம்மா சொல்றத கேட்டுக்கோ” என்கிறார்.

உங்களுக்கும் இந்த மருந்தைக் கொடுத்தார்களா? மரத்துக்கு என்ன செய்யட்டும்? எனக்குக் கேட்க ஆள் இல்லை.

பச்சையம்மா


கடம்பத்தூர்
2-3-1969

பச்சையம்மாவுக்கு,

இங்கே விடிந்தால் நெல் அவிக்க வேண்டும், அண்ணன் பிள்ளைகளைக் குளிப்பாட்டிப் பள்ளிக்கூடம் அனுப்ப வேண்டும், மாட்டைப் பார்க்க வேண்டும். உட்கார்ந்து எழுத நேரம் இல்லை. சும்மாவா சோறு போடுகிறார்கள்?

மரம் வயதாகியிருக்கும். புது விதை போட்டுப் பார். வேறென்ன சொல்வது.

மருந்து எனக்கும் கொடுத்தார்கள். குடிக்காதே. வாயில் வைத்துக்கொண்டு போய்க் கிணற்றடியில் துப்பிவிடு. காரணம் கேட்காதே.

கீழே ஒரு வரியை எழுதி அடித்திருக்கிறேன். அதைப் படிக்கப் பார்க்காதே. இன்னொரு காகிதம் எடுத்தால் அண்ணி கணக்குக் கேட்பாள் என்றுதான் இதையே அனுப்புகிறேன்.

கனகாம்பாள்


கும்மிடிப்பூண்டி
17-8-1969

கனகாம்பாளுக்கு,

இந்த முறை அக்கா இல்லை.

மேரி டீச்சர் நேற்று எங்கள் கொல்லைக்கு வந்தார். ஐந்து மரத்தையும் சுற்றிப் பார்த்துவிட்டு, “ஆண் மரம் எங்கம்மா?” என்று கேட்டார். எனக்குப் புரியவில்லை. நிற்க வைத்துப் பாடம் மாதிரிச் சொன்னார். பப்பாளியில் ஆண் வேறு, பெண் வேறாம். சரம் சரமாகப் பூப்பது ஆண். அது காய்க்காது. ஆனால் அது ஒன்று நின்றால்தான் சுற்றி இருக்கிற பெண் மரங்களில் பிஞ்சு பிடிக்குமாம். அதை வெட்டினால் எல்லாம் போச்சாம். தெருவில் வேறு பப்பாளியும் இல்லை. 

நீங்கள் தோட்டம் போட்ட வீட்டில் பிறந்தவராம், டீச்சர்தான் சொன்னார். உங்களுக்குத் தெரியாமல் இருக்குமா? தெரிந்துதான் துணி கட்டி வைத்தீர்கள். தெரிந்துதான் வெட்டச் சொன்னீர்கள். நான் உங்களுக்கு என்ன செய்தேன்? உங்கள் இடத்துக்கு நானாக ஓடி வந்தேனா? எட்டு மாதமாக நான் கை விளங்காதவள் என்று பெயர் வாங்கியிருக்கிறேன். இந்தக் கையால் கோலம் போட்டால் அத்தை அழித்துவிட்டு வேறு போடுகிறார்.

உங்கள் பேச்சைக் கேட்டு மருந்தைத் துப்பினேன். அத்தை பார்த்துவிட்டார். அன்றிலிருந்து முன்னால் நின்று மூக்கைப் பிடித்து ஊற்றினார். வைகாசியில் ரத்தப் போக்கு நிற்கவே இல்லை. பட்டணத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய் வயிற்றைச் சுரண்டினார்கள். பதினோரு நாள் கிடந்தேன். குறை என்னிடம்தான் என்று இங்கே முடிவாகிவிட்டது. அத்தை இப்போது பொன்னேரியில் யாரோ ஒரு பெண்ணைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார். மூன்றாவது ஆள்.

நீங்கள் அடித்த வரியை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் படித்தேன். மார்ச் மாதமே படித்தேன். “குறை உன்னிடம் இல்லை, அவரை” என்று வருகிறது. அதற்கு மேல் மை. ஏதோ ஆறுதலுக்கு எழுதினீர்கள் என்று விட்டுவிட்டேன், நான் அவ்வளவு மடச்சி. இப்போது கேட்கிறேன். அவரை என்ன? உங்களுக்கு என்ன தெரியும்?

பச்சையம்மா


கடம்பத்தூர்
4-9-1969

பச்சையம்மாவுக்கு,

உன் கடிதம் வந்த அன்று நான் சாப்பிடவில்லை. அதைச் சொல்லி உன்னிடம் பச்சாதாபம் வாங்கப் பார்க்கவில்லை. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். எரிச்சலோடு படி, பரவாயில்லை.

தெரிந்துதான் வெட்டச் சொன்னேன். உன் முதல் கடிதத்தில் ஐந்து மரமும் காய்த்துத் தள்ளுவதாக எழுதியிருந்தாய். நான் தண்ணீர் சுமந்து வளர்த்த மரத்துப் பழத்தை உன் அத்தைக் கிழவி தின்பதும், நீ தட்டில் அறுத்து வைப்பதும் என் கண்ணில் வந்து நின்றது. வயிறு எரிந்தது. ஒரு வரியில் எல்லாவற்றையும் மொட்டையடிக்க வழி கிடைத்தது. செய்தேன். தபால் பெட்டியில் போட்டுவிட்டு வரும்போது ரொம்ப நாளைக்குப் பிறகு எனக்குப் பாட்டு வந்தது. இவ்வளவுதான் நான்.

அந்த மஞ்சள் துணி கிழவிக்காகக் கட்டியது. ஆண் மரம், பெண் மரம் என்று சொன்னால் அவர் காதில் ஏறவில்லை. “ஆம்பள மரம் காய்க்காதா? இன்னாடி கத உடற?” என்று அரிவாளை எடுத்துக்கொண்டு வந்தார். அம்மனுக்கு வேண்டுதல் என்று ஒரு துணியைக் கட்டினேன். கன்னத்தில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

இப்போது நீ கேட்டது. 1966 பங்குனியில் நானும் அவரும் அத்தைக்குச் சொல்லாமல் பட்டணத்துக்குப் போனோம். சொந்தக்காரர் கல்யாணம் என்று பொய் சொன்னோம். ஒரு பெரிய டாக்டர் இருவரையும் சோதித்தார். ஒரு வாரம் கழித்து மறுபடி வரச்சொல்லிக் காகிதம் கொடுத்தார். இங்கிலீஷில் இருந்தது. தமிழில் அவரே சொன்னார். எனக்கு ஒரு குறையும் இல்லை. உன் புருஷனால்தான் முடியாது. மருந்தும் இல்லை.

திரும்பும்போது சென்ட்ரலுக்கு வெளியே ஒரு பப்பாளிப் பழம் வாங்கினார். என்ன பேசுவது என்று தெரியாமல் வாங்கினார் என்று நினைக்கிறேன். ரயிலில் தின்றோம். மீஞ்சூர் தாண்டியதும் அழ ஆரம்பித்தார். எதிரில் ஒரு குடும்பம் உட்கார்ந்திருந்தது, அவர்கள் முன்னாலேயே அழுதார். என் கையை எடுத்துத் தன் தலையில் வைத்துக்கொண்டார். “அம்மாவுக்குத் தெரிஞ்சா நான் உசுரோட இருக்க மாட்டேன் கனகா. யாராண்டயும் சொல்லமாட்டேன்னு சொல்லு.” சொன்னேன். அந்தப் பழத்தின் விதையைத்தான் முந்தானையில் முடிந்து வந்து போட்டேன்.

அடுத்த வருடம் அந்த நாலு பேர் உட்கார்ந்து என்னை மலடி என்றபோது அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் அவரையே பார்த்துக்கொண்டிருந்தேன். வாயைத் திறந்திருக்கலாம். தலையில் அடித்த சத்தியம் என்று ஒரு பிடிவாதம். எப்படியும் ஒருநாள் வந்து கூட்டிப்போவார் என்று ஒரு நப்பாசையும். உன் கல்யாணச் செய்தி வந்த பிறகும் அது போகவில்லை.

உன்னிடம் முதல் கடிதத்திலேயே சொல்லியிருக்கலாம். பழி எனக்கு மட்டும் ஏன், உனக்கும் வரட்டும் என்றுதான் இருந்தேன். மருந்து கொடுக்கிறார்கள் என்று நீ எழுதிய பிறகுதான் குடிக்காதே என்றாவது எழுதினேன். அப்போதும் ஒரு வரி எழுதி அடித்தேன். உன் பதினோரு நாளில் பாதி என்னைச் சேரும்.

அந்தக் காகிதத்தை இதோடு வைத்திருக்கிறேன். மேரி டீச்சரைப் படிக்கச் சொல். உன் புருஷனிடம் காட்டு. பிறகு துளசிராமன் நாயுடுவிடம் காட்டு. அந்த நாலு பேரில் அவர் ஒருவர்தான் கொஞ்சம் நியாயம் பேசுவார். அன்று எழுதியது தப்பு என்று அவர் வாயால் ஒரு வார்த்தை கடம்பத்தூருக்குச் சொல்லி அனுப்பினால் போதும். எனக்கு அந்த வீடு வேண்டாம், அந்த ஆளும் வேண்டாம். பெயர் மட்டும் வேண்டும்.

கனகாம்பாள்


கும்மிடிப்பூண்டி
20-1-1970

அக்காவுக்கு,

பதில் போட நாலு மாதம் ஆகிவிட்டது. வேண்டுமென்றுதான் போடவில்லை. யோசித்துக்கொண்டிருந்தேன்.

காகிதத்தை டீச்சர் படித்துச் சொன்னார். அத்தை கோயிலுக்குப் போயிருந்த நாளில் அதை இவர் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். பார்த்தவுடனே தெரிந்துவிட்டது அவருக்கு. கையில் சோற்றோடு அப்படியே இருந்தார். பிறகு அழுதார். என் கையை எடுத்துத் தலையில் வைத்துக்கொள்ளப் பார்த்தார். நான் கையை உருவிக்கொண்டேன். “அந்த வேலையெல்லாம் கனகாக்காவோட முடிஞ்சிபோச்சி. நான் சொல்றத மட்டும் கேளு” என்றேன். புருஷனை அப்படி ஒருமையில் பேசுவேன் என்று நானே நினைக்கவில்லை.

இனி மருந்து இல்லை. ஆஸ்பத்திரி இல்லை. பொன்னேரிப் பேச்சு இல்லை. என் அக்காவின் மூன்றாவது பெண்ணை எடுத்து வளர்ப்போம். அத்தையிடம் அவரே பேச வேண்டும். இவ்வளவும் கேட்டேன், இவ்வளவும் நடந்துவிட்டது. அத்தைக்கு எதனால் என்று தெரியாது. மகன் முதல்தடவையாகக் குரலை உயர்த்தியதில் ஆடிப்போயிருக்கிறார். குழந்தைக்கு ஒன்றரை வயது. ஹேமா என்று பெயர்.

துளசிராமன் நாயுடுவிடம் காட்டவில்லை. காட்டப் போவதும் இல்லை.

நீங்கள் வீடு வேண்டாம் என்று எழுதியிருக்கிறீர்கள். இப்போது வேண்டாம்தான். நாயுடு நியாயம் பேசுவார் என்றால் முழு நியாயம்தான் பேசுவார். குற்றம் இல்லாதவளை அனுப்பினது தப்பு, திரும்பக் கூட்டி வா என்பார். அப்போது நான் எங்கே போவேன்? சுரண்டிய வயிற்றோடு என்னை யார் கட்டுவார்கள்? என் அப்பா வீட்டிலும் ஒரு முத்தம்மாள் இருக்கிறாள். இந்த வீட்டில் எனக்கு இருக்கிற ஒரே பிடி அந்தக் காகிதம்தான். வெளியே தெரிந்துவிட்டால் அது வெறும் காகிதம்.

எனக்கு இது பாவம் என்று தெரியும். தெரிந்துகொண்டே பேசாமல் இருப்பது எப்படி என்று நீங்கள்தான் எனக்குக் காட்டினீர்கள்.

பழைய மரங்களைக் களைந்துவிட்டுப் புது விதை போட்டிருக்கிறேன். மேரி டீச்சர் வெளியிலிருந்து வாங்கிக் கொடுத்தார். எட்டுக் கன்று வந்திருக்கிறது.

பச்சையம்மா


கும்மிடிப்பூண்டி
30-5-1971

அக்காவுக்கு,

நீங்கள் எழுதுவதை நிறுத்திவிட்டீர்கள். எனக்குக் கோபம் இல்லை.

டீச்சர் வீட்டுக்காரர் ஜெயராஜ் அரக்கோணம் பக்கம் வருகிறார். அவரிடம் இரண்டு பழம் கொடுத்தனுப்புகிறேன். எட்டில் ஐந்து பெண், மூன்று ஆண். ஆணில் இரண்டை எடுத்துவிட்டு ஒன்றை நிறுத்தியிருக்கிறேன். அத்தை அரிவாளோடு வந்தார். நீங்கள் கட்டியிருந்த அந்த மஞ்சள் துணியையே எடுத்துக் கட்டி, ஹேமாவுக்கு வேண்டுதல் என்று சொன்னேன். கன்னத்தில் போட்டுக்கொண்டு போய்விட்டார். சிரிப்பு வந்தது. உங்களிடம் சொல்லத் தோன்றியது, வேறு யாரிடம் சொல்வது?

பச்சையம்மா


கடம்பத்தூர்
22-6-1971

பச்சையம்மாவுக்கு,

பழம் வந்தது. ஒன்று நசுங்கியிருந்தது. மற்றதைத் தின்றேன். இனித்துத் தொலைத்தது. 

அது வந்த வாரம் அண்ணன் மகளுக்கு வளைகாப்பு. மூத்தவள், என் கல்யாணத்துக்கு முன்பு நான் தலை வாரிவிட்டு வளர்த்த பெண். சபையில் ஒவ்வொருத்தியாக வளையல் போட்டார்கள். நானும் இரண்டு வளையல் வாங்கி வைத்திருந்தேன். அண்ணி என்னைச் சமையல்கட்டு வாசலிலேயே மறித்துவிட்டாள். “நீ வரவேணாம். இன்னும் அஞ்சாறு தபா எல போடணும், அதப் பாரு” என்றாள். அந்தப் பெண் என்னைப் பார்த்தாள், பிறகு குனிந்துகொண்டாள். தரையைப் பார்ப்பவர்கள் எல்லா வீட்டிலும் இருக்கிறார்கள்.

அந்தக் காகிதம் மட்டும் என் கையில் இருந்திருந்தால் அன்றைக்குச் சபை நடுவில் போட்டிருப்பேன். சத்தியமாவது ஒன்றாவது! ஆனால் அதை நானே மடித்து, நானே உறையில் வைத்து, நானே ஒட்டி அனுப்பினேன். மரத்தை வெட்டச் சொல்லி எழுதிய அதே கை. உன்னைத் திட்ட ஐந்து நாள் உட்கார்ந்து வார்த்தை தேடினேன். எதை எடுத்தாலும் எனக்கே வந்து சேர்கிறது.

பழத்துக்குள் கைநிறைய விதை இருந்தது. கொல்லையில் போட்டேன். “மலடி போட்டது எங்க மொளைக்கப் போவுது” என்றாள் அண்ணி. முளைத்துவிட்டது. இந்த முறை துணி கட்ட மாட்டேன். யார் வெட்டினாலும் வெட்டிக்கொள்ளட்டும்.

இனிமேல் எழுதாதே என்று எழுதத்தான் காகிதம் எடுத்தேன். முடியவில்லை. நான் மலடி இல்லை என்று தெரிந்தவர்கள் இந்த ஊர் உலகத்தில் மூன்றே பேர். மேரி டீச்சருக்கு நான் யாரோ. உன் புருஷன் எழுத மாட்டார். மிச்சம் நீதான். என்னை இப்படி வைத்திருப்பவளும் நீதான்.

அதனால் நீ எழுது. வைதாவது எழுது. காகிதத்தை நீயே வைத்துக்கொள். எழுதும் கடிதத்தில் மட்டும் எங்காவது ஓரிடத்தில், அக்கா, உங்களிடம் குறை இல்லை என்று ஒரு வரி போட்டுவிடு. அதை அடிக்காமல் அனுப்பு.

கனகாம்பாள்